மலையில் இருந்தபடி அமெரிக்க அரசமைப்புத் தீர்ப்புகளைப் படிப்பது: எந்த நூல், எந்த வரிசை, எங்கே வழுக்கும்

பெரிய கேஸ்புக் ஒன்றை வாங்கி வந்து நாற்பதாம் பக்கத்தோடு நின்றுபோவது அமெரிக்க அரசமைப்புச் சட்டம் படிக்கக் கிளம்புகிறவர்களுக்கு வழக்கமாக நேர்வது. தவறு வாசகருடையது அல்ல. ஆயிரம் பக்கத்துக்கு மேல் ஓடும் அந்தப் புத்தகம் அமெரிக்கச் சட்டக் கல்லூரி வகுப்புக்காகவே தயாரிக்கப்படுவது. தீர்ப்புகளை வெட்டிச் சுருக்கித் தரும், கீழே கேள்விகளை அடுக்கும், விடை சொல்லாது. விடையை வகுப்பில் பேராசிரியர் மாணவர் வாயிலிருந்தே வரவழைப்பார். குன்னூரில் தனியாக உட்கார்ந்து படிப்பவருக்கு அந்தப் பேராசிரியர் இல்லை. சிவில் சர்வீஸுக்குப் படிப்பவரும் சரி, கோவை அரசு சட்டக் கல்லூரிக்கு இறங்கிப் போகும் மாணவரும் சரி, கேஸ்புக்கை முதல் வருடம் தொடவே வேண்டாம்.

அதற்குப் பதில் மூலத் தீர்ப்புகளையே, சிறியதில் தொடங்கி, மாறுபட்ட நீதிபதியின் உரையோடு சேர்த்துப் படியுங்கள். நூல்கள் அதற்குத் துணை. எந்தத் துணை எந்தக் கட்டத்தில் என்பதுதான் இங்கே விஷயம்.

முதல் இரண்டு மாலைகள்: சட்டத்தின் மூலம்

1787இல் பிலடெல்பியாவில் எழுதப்பட்ட மூலம் ஏறத்தாழ 4,500 சொற்கள்தான். ஏழு உறுப்புகள். பின்னால் சேர்ந்த 27 திருத்தங்களையும் கூட்டினால் 7,500 சொற்களைச் சுற்றி நிற்கும். நம் அரசமைப்பு 1950இல் 395 உறுப்புகளோடு தொடங்கியது என்பதை நினைத்துக்கொண்டால், இது எவ்வளவு சிறியது என்று தெரியும். சிறியதாக இருப்பதால்தான் இத்தனை தீர்ப்புகள். நம் அரசமைப்பு விவரமாக எழுதி வைத்திருப்பதை அங்கே நீதிமன்றம் வழக்கு வழக்காகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

எல்லாவற்றையும் ஒரே கவனத்தோடு படிக்க வேண்டியதில்லை. முதல் உறுப்பின் எட்டாம் பிரிவை (காங்கிரஸ், அதாவது அமெரிக்க நாடாளுமன்றத்தின் அதிகாரப் பட்டியல்) பென்சிலால் கோடிட்டு வையுங்கள். மாநிலங்களுக்கு இடையிலான வணிகம் பற்றிய வரியும், ‘தேவையான, பொருத்தமான’ சட்டங்களை இயற்றலாம் என்ற கடைசி வரியும் அங்கேதான் இருக்கின்றன. பாதி வழக்குகள் இந்த இரண்டு வரிகளில் பிறந்தவை. மூன்றாம் உறுப்பு நீதித்துறை. ஆறாம் உறுப்பில் கூட்டரசின் சட்டமே மேலானது என்ற கூறு. திருத்தங்களில் 1791இல் வந்த முதல் பத்து, அதிலும் 1, 4, 5, 6. பிறகு 1868இல் வந்த பதினான்காவது. இதை மட்டும் வரி வரியாக, கிட்டத்தட்ட மனப்பாடமாகும்வரை படிக்கவேண்டும். முதல் பத்துத் திருத்தங்கள் தொடக்கத்தில் கூட்டரசை மட்டுமே கட்டுப்படுத்தின. அவற்றில் பெரும்பாலானவை மாநிலங்களையும் கட்டுப்படுத்தத் தொடங்கியது பதினான்காவது திருத்தத்தின் வழியாக, ஒவ்வொரு தீர்ப்பாக. இது பிடிபடாதவருக்கு இருபதாம் நூற்றாண்டுத் தீர்ப்பு எதுவும் பிடிபடாது.

கூடவே சில இந்தியப் பழக்கங்களைக் கழற்றி வைக்க வேண்டும். அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதி அமர்வு, ஐந்து நீதிபதி அமர்வு என்பதெல்லாம் கிடையாது. ஒன்பது பேரும் சேர்ந்தே உட்காருவார்கள். ஓய்வு வயது இல்லை. எந்த வழக்கை எடுப்பது என்பதைப் பெரும்பாலும் அவர்களே தீர்மானிக்கிறார்கள். நான்கு பேர் ஒப்பினால் வழக்கு உள்ளே வரும். நம் 143ஆம் உறுப்பின்படி குடியரசுத் தலைவர் உச்ச நீதிமன்றத்திடம் கருத்துக் கேட்கலாம். அங்கே அது நடக்காது, உண்மையான வழக்காடி வேண்டும். ஒவ்வொரு மாநிலத்துக்கும் தனி அரசமைப்பு, தனி உச்ச நீதிமன்றம் உண்டு; நம் உயர் நீதிமன்றங்களைப் போல ஒரே ஏணியின் படிகள் அல்ல அவை. இன்னொன்று, நம் 17ஆம் உறுப்பு தீண்டாமையைக் கடைப்பிடிக்கும் தனிமனிதரையும் பிடிக்கும். அமெரிக்க அரசமைப்பின் உரிமைகளோ, அடிமைமுறையை ஒழித்த பதின்மூன்றாவது திருத்தம் நீங்கலாக, அரசை நோக்கி மட்டுமே பேசுகின்றன. தனியார் ஓட்டல் கறுப்பினத்தவரை உள்ளே விடாததை அங்கே 1964இன் சிவில் உரிமைச் சட்டத்தால்தான் தடுக்க முடிந்தது, அரசமைப்பால் நேரடியாக அல்ல.

மார்பரியில் தொடங்காதீர்கள்

எல்லாப் பாடத்திட்டமும் 1803இன் மார்பரி எதிர் மேடிசன் வழக்கில்தான் தொடங்கும். வரலாற்று வரிசைக்கு அது சரி, வாசகருக்குச் சரியில்லை. தலைமை நீதிபதி ஜான் மார்ஷல் எழுதிய அந்தத் தீர்ப்பின் மொழி பழையது. கேள்விகளின் வரிசையும் தலைகீழ். வழக்கமாக நீதிமன்றம் முதலில் தனக்கு அதிகாரம் உண்டா என்று பார்க்கும். மார்ஷலோ, தன் பதவி நியமன ஆணையைத் தரச்சொல்லிக் கேட்டு வந்த மார்பரிக்கு உரிமை உண்டு, பரிகாரமும் உண்டு என்று நீளமாகச் சொல்லி முடித்துவிட்டு, கடைசியில்தான் அந்தப் பரிகாரத்தைத் தர இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை, அதிகாரம் தந்த 1789ஆம் ஆண்டுச் சட்டப் பிரிவே செல்லாது என்கிறார். அதிபர் ஜெஃபர்சனின் அரசாங்கத்தைக் கண்டித்தும் ஆயிற்று, அது மீற முடியாதபடி உத்தரவே போடாமல் தப்பித்தும் ஆயிற்று. இந்தச் சாமர்த்தியம் ஆறேழு தீர்ப்புகள் படித்த பிறகுதான் ருசிக்கும்.

தொடங்க வேண்டிய இடம் கிடியன் எதிர் வெயின்ரைட், 1963, ஏழைக்கு அரசு வக்கீல் தர வேண்டுமா என்ற வழக்கு. உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளின் அதிகாரபூர்வத் தொகுப்பான யு.எஸ். ரிப்போர்ட்ஸில் இருபது பக்கத்துக்குள் அடங்கும். பக்கத்துணையாக ஆந்தனி லூயிஸ் 1964இல் எழுதிய ‘கிடியன்ஸ் டிரம்பெட்’. உச்ச நீதிமன்றச் செய்திகளை எழுதிய பத்திரிகையாளர் அவர். ஒரு மனு எப்படி உள்ளே வருகிறது, யார் படிக்கிறார்கள், எப்படி விவாதிக்கப்படுகிறது என்று முழு நடைமுறையும் ஒரே வழக்கின் வழியாகத் தெரிந்துவிடும்.

ஒரு தீர்ப்பை உரிப்பது எப்படி

கிடியன் வழக்கையே எடுத்துக்கொள்வோம். நோட்டில் ஒரு பக்கம் ஒதுக்கி, கீழே சொல்லும் வரிசையில் எழுதுங்கள். ஒரு தீர்ப்புக்கு ஒரு பக்கத்தைத் தாண்டினால் நீங்கள் சுருக்கவில்லை, பிரதி எடுக்கிறீர்கள் என்று பொருள்.

முதல் வரி தலைப்பும் எண்ணும்: 372 யு.எஸ். 335. யு.எஸ். ரிப்போர்ட்ஸின் 372ஆம் தொகுதி, 335ஆம் பக்கம் என்று படிக்க வேண்டும். உச்ச நீதிமன்றத்துக்கு யார் வந்தாரோ பொதுவாக அவர் பெயர் முன்னால் நிற்கும்; கீழ் நீதிமன்றத்தில் இதே பெயர்கள் இடம் மாறி இருந்திருக்கலாம். பெயரே மாறுவதும் உண்டு. கிடியன் மனுப்போட்டது கோக்ரன் என்பவர் மீது. வழக்கு நடக்கும்போதே புளோரிடா சிறைத்துறையின் தலைவர் மாறி வெயின்ரைட் வந்ததால் பெயர் மாறியது. பழைய நூல் ஒன்றில் வேறு பெயரைப் பார்த்தால் குழம்ப வேண்டாம்.

அடுத்து சம்பவம், நான்கு வரி. புளோரிடாவின் பனாமா சிட்டியில் 1961இல் ஒரு பூல் விளையாட்டுக் கூடம் உடைக்கப்பட்டது. கிளாரன்ஸ் ஏர்ல் கிடியன் கைதானார். வக்கீல் வைக்கப் பணமில்லை, நீதிமன்றமே அமர்த்த வேண்டும் என்று கேட்டார். மரண தண்டனைக் குற்றங்களுக்கு மட்டும்தான் அப்படி அமர்த்த முடியும் என்று நீதிபதி மறுத்தார். தானே வாதாடித் தோற்று ஐந்து ஆண்டு தண்டனை பெற்றார். சிறையிலிருந்து பென்சிலால் எழுதி உச்ச நீதிமன்றத்துக்கு அனுப்பினார்.

மூன்றாவது, கேள்வி. இதை ஒரே வாக்கியமாக, ‘ஆம், இல்லை’ என்று பதில் சொல்லும்படி எழுத வேண்டும்: ‘மாநில நீதிமன்றத்தில் கடுங்குற்றத்துக்கு விசாரிக்கப்படும் ஏழைக்கு அரசு வக்கீல் தர வேண்டுமென்று பதினான்காவது திருத்தம் கட்டாயப்படுத்துகிறதா?’ பலர் ‘கிடியனுக்கு வக்கீல் கிடைத்திருக்க வேண்டுமா?’ என்று எழுதிவிடுவார்கள். அது கிடியனின் கேள்வி. நீதிமன்றத்தின் கேள்வி எந்தத் திருத்தத்தின் எந்தச் சொல் என்பது. இந்த ஒரு வரியில்தான் முக்கால்வாசிப் பேர் சறுக்குகிறார்கள்.

நான்காவது, பதிலும் காரணமும். ஆம் என்று ஒன்பது பேரும் ஒருமனதாகச் சொன்னார்கள். எழுதியவர் ஹியூகோ பிளாக். ஆறாவது திருத்தம் தரும் வக்கீல் உரிமை நியாயமான விசாரணைக்கு அடிப்படையானது, ஆகவே பதினான்காவது வழியாக மாநிலங்களையும் கட்டும்.

ஐந்தாவது, பழைய தீர்ப்பு எது விழுந்தது? 1942இன் பெட்ஸ் எதிர் பிரேடி. இங்கே கொஞ்சம் நில்லுங்கள். பெட்ஸ் வழக்கில் மாறுபட்டு எழுதியவரும் இதே பிளாக்தான். 21 ஆண்டு கழித்து அவருடைய சிறுபான்மைக் கருத்தே சட்டமானது, அதை எழுதும் வாய்ப்பும் அவருக்கே கிடைத்தது. மாறுபட்ட உரைகளைத் தாண்டிப் போகக் கூடாது என்பதற்கு இதைவிடத் தெளிவான காரணம் தேவையில்லை. 1896இல் ரயில் பெட்டியில் நிறப்பிரிவினையை ஏற்ற பிளெஸ்ஸி வழக்கில் ஜான் ஹார்லன் தனி ஆளாக எழுதியதும், 1905இல் பேக்கரித் தொழிலாளர் வேலை நேரச் சட்டத்தை ரத்துசெய்த லாக்னர் வழக்கில் ஆலிவர் வெண்டல் ஹோம்ஸ் எழுதியதும் இதே வகை. நம்மிடம் தடுப்புக்காவல் பற்றிய 1950இன் கோபாலன் வழக்கில் ஃபசல் அலி, நெருக்கடி நிலைக் காலத்து 1976இன் ஜபல்பூர் வழக்கில் எச்.ஆர். கன்னா எழுதிய மாறுபட்ட உரைகள்.

கடைசி வரி, ‘பிறகு என்ன ஆனது?’ என்பது. மறுவிசாரணையில், இந்தமுறை வக்கீலோடு, கிடியன் விடுதலையானார்.

ஒரு எச்சரிக்கை. தீர்ப்பின் முன்னால் ‘சிலபஸ்’ என்ற சுருக்கம் இருக்கும். அதை நீதிபதிகள் எழுதுவதில்லை, தீர்ப்புத் தொகுப்பாளர் எழுதுவது. அது தீர்ப்பின் பகுதி அல்ல என்று 1906இலேயே நீதிமன்றம் சொல்லிவிட்டது. வழிகாட்டியாகப் படிக்கலாம், மேற்கோளாகக் காட்டக் கூடாது. நம் ஊர்த் தீர்ப்பு இதழ்களின் தலைக்குறிப்புக்கும் இதே விதிதான்.

ஜோடி போட்டுப் படிப்பது

அமெரிக்கத் தீர்ப்பை மட்டும் தனியாகப் படித்தால் மூன்றே வாரத்தில் மறந்துபோகும். ஒவ்வொன்றுக்கும் ஒரு இந்தியத் தீர்ப்பை ஜோடியாக வைத்துக்கொண்டால் இரண்டும் நிற்கும். கிடியனுக்கு ஜோடி 1978இன் ஹோஸ்கோட், 1979இன் ஹுசைனாரா கத்தூன், அரசமைப்பின் 39ஏ உறுப்பு. ஊட்டி நீதிமன்றத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழு வழியாக இலவச வக்கீல் கேட்டு நிற்பவருக்குப் பின்னால் இருக்கும் சட்டம் அது.

பத்திரிகைச் சுதந்திரத்துக்கு 1964இன் நியூயார்க் டைம்ஸ் எதிர் சல்லிவன். சிவில் உரிமை இயக்கத்துக்கு ஆதரவாக வெளியான ஒரு விளம்பரத்தில் சில தகவல்கள் பிசகியிருந்தன. மாண்ட்கமரி நகர ஆணையர் அவதூறு வழக்குப் போட, அலபாமா ஜூரி ஐந்து லட்சம் டாலர் விதித்தது. உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது. பொது அதிகாரி தன் பொறுப்பு தொடர்பான விமர்சனத்துக்காக இழப்பீடு கேட்டால், பொய்யென்று தெரிந்தே எழுதியதையோ உண்மையா பொய்யா என்று கவலையே படாமல் எழுதியதையோ அவர்தான் நிரூபிக்க வேண்டும் என்றது. இதன் ஜோடி தமிழ் வாசகருக்கு நன்றாகத் தெரிந்த ஒன்று: ஆட்டோ சங்கரின் வாழ்க்கைக் கதையை நக்கீரன் வெளியிடுவதைத் தடுக்க முயன்றதில் எழுந்த 1994இன் ஆர். ராஜகோபால் வழக்கு. சல்லிவனை எடுத்து ஆராய்ந்து, வெளியிடும் முன்பே தடைபோட அரசுக்கும் அதன் அதிகாரிகளுக்கும் அதிகாரமில்லை என்றது நம் உச்ச நீதிமன்றம். சல்லிவனைப் பற்றித் தனி நூல் வேண்டுமென்றால் அதே ஆந்தனி லூயிஸ் 1991இல் எழுதிய ‘மேக் நோ லா’.

பள்ளியில் தேசியக் கொடிக்கு வணக்கம் செலுத்தக் கட்டாயப்படுத்தலாமா என்ற 1943இன் பார்னெட் வழக்குக்கு 1986இன் பிஜோ இம்மானுவேல். தேசிய கீதம் பாடாமல் எழுந்து மட்டும் நின்ற கேரளக் குழந்தைகளின் வழக்கு அது. இரண்டையும் ஒரே மாலையில் முடித்துவிடலாம்.

நிலத்துக்கு வருவோம். இங்கே நீலகிரி வாசகருக்கு வேறு யாருக்கும் இல்லாத ஒரு வசதி இருக்கிறது. கூடலூர், பந்தலூர் பக்கம் ‘செக்‌ஷன் 17 நிலம்’ என்றால் விளக்கம் தேவையில்லை. ஜென்மம் என்ற பரம்பரை நில உடைமையை ஒழிக்க வந்த 1969இன் கூடலூர் ஜென்ம எஸ்டேட்டுகள் ஒழிப்புச் சட்டத்தில், தோட்டக் குத்தகை நிலங்களைப் பற்றிய பிரிவு அது. அந்தச் சட்டத்தை எதிர்த்த பால்மேடீஸ் பிளான்டேஷன்ஸ் வழக்கில் 1972இல் உச்ச நீதிமன்றம், ஜென்மக் காடுகளை அரசு எடுத்துக்கொள்வது விவசாயச் சீர்திருத்தம் ஆகாது என்று அந்த அளவுக்கு மட்டும் அதைச் செல்லாததாக்கியது. 1974இல் 34ஆவது திருத்தம் வந்து சட்டத்தை அப்படியே ஒன்பதாம் அட்டவணையில் வைத்தது. அங்கே போன சட்டத்தை அடிப்படை உரிமையைக் காட்டி நீதிமன்றம் தொட முடியாது என்பது ஏற்பாடு. அதை எதிர்த்துத் தொடர்ந்த ஐ.ஆர். கொயலோ வழக்கில் 2007 ஜனவரி 11 அன்று ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாகச் சொன்னது: கேசவானந்த பாரதி தீர்ப்பு வந்த 1973 ஏப்ரல் 24க்குப் பிறகு அந்த அட்டவணையில் சேர்ந்த எந்தச் சட்டத்தையும் அடிப்படைக் கட்டமைப்பை (திருத்தத்தாலும் அழிக்க முடியாத அரசமைப்பின் சாரம்) வைத்துச் சோதிக்கலாம். நாடு முழுக்கச் சட்ட மாணவர்கள் படிக்கும் ஒரு தீர்ப்பு கூடலூர் நிலத்திலிருந்து வந்தது.

இதை முதலில் படித்துவிட்டு அமெரிக்காவுக்குப் போனால் இரண்டு விஷயங்கள் சட்டென்று புரியும். ஒன்று, அங்கே ஒன்பதாம் அட்டவணை போன்ற அடைக்கலம் கிடையாது. அரசமைப்புத் தீர்ப்பைக் காங்கிரஸ் சாதாரணச் சட்டத்தால் மாற்ற முடியாது. திருத்தம்தான் வழி, அதற்கு இரு அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கும் மாநிலங்களில் நான்கில் மூன்று பங்கும் வேண்டும், அதாவது இன்றைக்கு 38 மாநிலங்கள். இப்படித் தீர்ப்பை மாற்றிய திருத்தங்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. வருமான வரிக்காக 1913இல் வந்த பதினாறாவது ஒன்று, வாக்களிக்கும் வயதுக்காக 1971இல் வந்த இருபத்தாறாவது ஒன்று. நம்மிடம் கல்லூரிச் சேர்க்கையில் சாதிவாரி ஒதுக்கீட்டை ரத்துசெய்த செண்பகம் துரைராஜன் தீர்ப்பு 1951இல் வந்த சில மாதங்களிலேயே முதல் திருத்தம் வந்துவிட்டது. இரண்டாவது, திருத்தத்தின் உள்ளடக்கத்தையே நீதிமன்றம் செல்லாது என்று சொல்லும் அடிப்படைக் கட்டமைப்புக் கோட்பாடு அமெரிக்காவில் இல்லை. தேர்வு விடைத்தாளில் இதை மாற்றி எழுதுகிறவர்கள் நிறைய.

நிலத்துக்கான அமெரிக்க ஜோடிகள்: 1922இன் பென்சில்வேனியா கோல் எதிர் மேஹன், 2005இன் கீலோ எதிர் நியூ லண்டன். முதலாவது சிறியது. நிலத்தை அரசு எடுக்கவில்லை, பயன்பாட்டை மட்டும் கட்டுப்படுத்துகிறது. கட்டுப்பாடு அளவு மீறினால் அதுவும் எடுத்துக்கொண்டதாகவே ஆகும் என்றார் ஹோம்ஸ், பிராண்டைஸ் மாறுபட்டார். சீகூர் யானை வழித்தடத்தில் ரிசார்ட்டுகளை மூட வைத்த வழக்கின் 2020 அக்டோபர் தீர்ப்பை அருகில் வைத்துப் படித்தால், ஒரே கேள்விக்கு இரண்டு நாடுகளும் எவ்வளவு தூரத்தில் நிற்கின்றன என்று தெரியும். கீலோவில், நகர வளர்ச்சித் திட்டத்துக்காக வீட்டைக் கையகப்படுத்தி, திட்டத்தின்படி தனியாருக்குத் தருவதும் பொதுப் பயன்பாடுதான் என்று ஐந்துக்கு நான்கு பெரும்பான்மை சொன்னது. ஓ’கானர் எழுதிய மாறுபட்ட உரையைக் கட்டாயம் படியுங்கள்.

சமத்துவ வழக்குகளுக்கு ஒரு சாவி

அரசுப் பள்ளிகளில் நிறப்பிரிவினை செல்லாது என்ற 1954இன் பிரவுன் தீர்ப்பு, 347 யு.எஸ். 483, பதினான்கு பக்கம். தலைமை நீதிபதி வாரன் வேண்டுமென்றே எளிமையாக எழுதினார். கான்சாஸ், தென் கரோலினா, வர்ஜீனியா, டெலவேர் என நான்கு மாநில வழக்குகள் ஒன்றாக முடிக்கப்பட்டன. வாஷிங்டன் நகர வழக்கு மட்டும் அதே நாளில் தனித் தீர்ப்பாக வந்தது. பதினான்காவது திருத்தம் மாநிலங்களை நோக்கியது, தலைநகர் மாநிலம் அல்ல என்பதே காரணம். மூலத்தை முதலிலேயே படித்தவருக்கு இது தானாகப் புரியும். அடுத்த ஆண்டு வந்த இரண்டாம் பிரவுன் தீர்ப்பையும் சேர்த்துப் படிக்காவிட்டால், பள்ளிகள் ஏன் உடனே கலக்கவில்லை என்பது தெரியாது. முழுக்கதைக்கு ரிச்சர்ட் க்ளூகரின் ‘சிம்பிள் ஜஸ்டிஸ்’. தடித்த புத்தகம், அவசரப்பட வேண்டாம்.

பிரவுனுக்குப் பிந்தைய தீர்ப்புகளில் மூன்று சோதனை நிலைகள் திரும்பத் திரும்ப வரும். சட்டம் இனத்தை வைத்துப் பிரித்தால் மிகக் கடுமையான சோதனை: அரசுக்குத் தலைபோகிற தேவை இருக்க வேண்டும், வழியும் அதற்கு மட்டும் அளந்து வெட்டியதாக இருக்க வேண்டும். ஆண், பெண் என்று பிரித்தால் நடுத்தரச் சோதனை. 1976இன் கிரெய்க் வழக்கிலிருந்து. மற்ற சாதாரணப் பொருளாதாரச் சட்டங்களுக்கு ஏதாவது ஒரு நியாயமான காரணம் இருந்தால் போதும். எந்தச் சோதனை என்று நீதிமன்றம் முடிவு செய்த பத்தியைக் கண்டுபிடித்தால், தீர்ப்பு எந்தப் பக்கம் போகும் என்பதைப் பெரும்பாலும் அங்கேயே சொல்லிவிடலாம்.

துணை நூல்கள், சுருக்கமாக

முழுப் படம் முதலில் வேண்டும் என்பவருக்கு லிண்டா கிரீன்ஹவுஸ் ஆக்ஸ்போர்டுக்காக எழுதிய மிகச் சிறிய அறிமுக நூல். பையில் போட்டுக்கொண்டு ஊட்டியிலிருந்து மேட்டுப்பாளையம் இறங்கும் பஸ்ஸில் தொடங்கினால் பாதி முடிந்துவிடும். கொண்டை ஊசி வளைவில் படிக்க முடிந்தவர்களுக்கு. அகில் ரீட் அமர் 2005இல் எழுதிய ‘அமெரிக்காஸ் கான்ஸ்டிட்யூஷன்: எ பயோகிராஃபி’ மூலத்தின் வரிசையிலேயே கூறு கூறாகப் போகும், தொடர்ச்சியாகப் படிப்பதைவிட, தீர்ப்பில் ஒரு உறுப்பு வரும்போதெல்லாம் அந்த அத்தியாயத்தைத் திறப்பது பயன். எர்வின் செமரின்ஸ்கியின் ‘கான்ஸ்டிட்யூஷனல் லா: பிரின்சிபிள்ஸ் அண்ட் பாலிசீஸ்’ கேஸ்புக் அல்ல, கோட்பாட்டை நேராக விளக்கும் பாடநூல். ஒரே ஒரு பெரிய புத்தகத்துக்குத்தான் பணம் இருக்கிறதென்றால் இது.

அரசமைப்பின் சொற்களுக்கு எப்படிப் பொருள் கொள்வது என்ற சண்டைக்கு ஒரு ஜோடி போதும். அன்டோனின் ஸ்காலியாவின் ‘எ மேட்டர் ஆஃப் இன்டர்பிரட்டேஷன்’ (1997) எழுதப்பட்ட காலத்தில் சொல்லுக்கு என்ன பொருளோ அதுதான் என்கிறது. மறுப்புரைகளும் அதே நூலில் இருப்பது நல்ல வசதி. ஸ்டீபன் பிரேயரின் ‘ஆக்டிவ் லிபர்ட்டி’ (2005) எதிர்ப்பக்கம். இருவரும் ஒரே நீதிமன்றத்தில் உடனிருந்த நீதிபதிகள். ஒன்றை மட்டும் படித்தால் அந்த ஆளின் கட்சிக்காரராகிவிடுவீர்கள்.

புதிய அரசமைப்பை ஏற்கச் சொல்லி அன்றைக்கே எழுதப்பட்ட ஃபெடரலிஸ்ட் கட்டுரைகள் 85. எல்லாவற்றையும் படிக்கிறேன் என்று உட்காராதீர்கள். 10, 51, 78 போதும், நீதித்துறைக்கு 78.

நூலின் வயதைப் பாருங்கள்

பழைய புத்தகக் கடையில் மலிவாகக் கிடைக்கும் பதிப்பு முழுக்க வீணும் அல்ல, முழுக்க உதவுவதும் அல்ல. எந்த அத்தியாயம் கெட்டுப்போனது என்பதுதான் கேள்வி. 2022க்கு முந்தைய பதிப்பில் கருக்கலைப்பு அத்தியாயம் செல்லாது. 1973இன் ரோ தீர்ப்பை 2022 ஜூனில் டாப்ஸ் வழக்கு ரத்துசெய்துவிட்டது. துப்பாக்கி உரிமை அத்தியாயம் 2022இன் புரூயென் வழக்கால் பழசானது. கல்லூரிச் சேர்க்கையில் இனத்தைக் கணக்கில் கொள்வது பற்றிய பகுதி 2023இன் ஹார்வர்டு வழக்கோடு மாறியது. சட்டத்தில் தெளிவில்லாத இடத்தில் அரசுத் துறையின் விளக்கத்தை நீதிமன்றம் ஏற்க வேண்டும் என்ற 1984இன் செவ்ரான் விதி 2024இல் லோப்பர் பிரைட் வழக்கில் போனது. ஆனால் மார்பரி, மாநிலங்கள் கூட்டரசு வங்கிக்கு வரி போட முடியாது என்ற 1819இன் மக்கல்லக், அதிபரின் அதிகாரம் பற்றிய 1952இன் யங்ஸ்டவுன் ஆகியவற்றின் அத்தியாயங்கள் முப்பது ஆண்டுப் பழைய நூலிலும் அப்படியே பயன்படும். வாங்கும் முன் முகப்பில் உள்ள பதிப்பாண்டைப் பார்த்து, இந்த நான்கு தலைப்புகளிலும் பென்சிலால் குறுக்கே கோடு போட்டுவிடுங்கள்.

எந்தத் தீர்ப்பு இன்னும் உயிரோடு இருக்கிறது என்று சரிபார்க்க, அமெரிக்கக் காங்கிரஸுக்காகவே தயாரிக்கப்படும் ‘கான்ஸ்டிட்யூஷன் அனோட்டேட்டட்’ இணையத்தில் இலவசம். பின்னால் ரத்தான தீர்ப்புகளின் அட்டவணையும் அதில் உண்டு.

மலையில் வசதிகள், வசதிக்குறைவுகள்

பந்தலூர், தேவாலா பக்கம் தென்மேற்குப் பருவத்தில் கரண்டும் நெட்வொர்க்கும் சேர்ந்தே போகும். ஆகவே இணையத்தில் நேரடியாகப் படிக்கும் பழக்கம் வேண்டாம். பழைய யு.எஸ். ரிப்போர்ட்ஸ் தொகுதிகளைக் காங்கிரஸ் நூலகத் தளம் இலவசமாகத் தருகிறது. புதிய தீர்ப்புகள் உச்ச நீதிமன்றத்தின் சொந்தத் தளத்தில். இந்தியத் தீர்ப்புகளுக்கு நம் உச்ச நீதிமன்றத்தின் தளம். சிலவற்றுக்குத் தமிழ் மொழிபெயர்ப்பும் அங்கே கிடைக்கும். டவுனுக்கு வரும்போது பத்துத் தீர்ப்பை இறக்கி, சிறியவற்றை ஜெராக்ஸ் கடையில் பிரிண்ட் எடுத்து, ஓரத்தில் இரண்டு விரல் அளவு வெள்ளை விட்டு ஸ்பைரல் போட்டுவிடுங்கள். தீர்ப்பு எழுத்துக்குக் காப்புரிமை இல்லை, பிரதி எடுப்பதில் தப்பில்லை. பதிப்பாளர் எழுதிச் சேர்த்த தலைக்குறிப்பு வேறு கதை. போலீஸ் விசாரணையில் கைதானவரின் உரிமைகள் பற்றிய மிராண்டா போன்ற நூறு பக்கத் தீர்ப்பை முழுதாகப் பிரிண்ட் எடுத்துப் பணத்தை வீணாக்காதீர்கள், பெரும்பான்மை உரையை மட்டும் எடுத்து, மாறுபட்ட உரைகளை இறக்கிவைத்த கோப்பிலேயே படியுங்கள்.

வாதங்களைக் கேட்கலாம் என்பது பலருக்குத் தெரியாது. 1955 முதல் உச்ச நீதிமன்ற வாதங்கள் ஒலிப்பதிவு செய்யப்படுகின்றன. ‘ஓயெஸ்’ தளத்தில் எழுத்து வடிவத்தோடு சேர்த்துக் கேட்கலாம். கிடியனுக்காக ஏப் ஃபோர்ட்டாஸ் வாதாடியதும் அங்கே உண்டு. தமிழ்வழியில் படித்து, ஆங்கிலச் சட்ட நடை கண்ணில் ஒட்டாதவர்களுக்கு, காதால் ஒருமுறை கேட்டுவிட்டுப் படிப்பது நிஜமாகவே வேலை செய்கிறது.

புத்தகங்களைச் சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி வையுங்கள். மூடுபனிக் காலத்தில் சுவர் ஓதம் அட்டையில் ஏறி, பூஞ்சை பிடித்து, பக்கங்கள் ஒட்டிக்கொள்ளும். பழைய புத்தகம் வந்தால் மற்றவற்றோடு சேர்க்கும் முன் ஒரு வாரம் தனியாக, காற்றோட்டமான நிழலில் விரித்து வைப்பது நல்லது. நேர்வெயிலில் வைத்தால் முதுகுப் பசை விட்டுவிடும்.

அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் ஆண்டு அக்டோபர் முதல் திங்களன்று தொடங்கி, பெரிய தீர்ப்புகள் பெரும்பாலும் ஜூன் கடைசியில் குவியும். ஜூலையில் ஒரு நாள் ஒதுக்கி, அந்த ஆண்டு ரத்தானவை எவை என்று அனோட்டேட்டட் அட்டவணையில் பார்த்து, உங்கள் நோட்டில் அந்தந்தத் தீர்ப்பின் கடைசி வரிக்குக் கீழே ஆண்டோடு குறித்துவிடுங்கள்.